நந்தகுமாரின் பத்திரமும் நம் காலத்து முன்ஜாமீனும்

நம் மொழியில் 'பத்திரம்' என்ற சொல்லுக்கு இரண்டு பொருள் உண்டு. ஊருக்குப் புறப்படுகிற பிள்ளையிடம் "பத்திரமாய்ப் போய் வா" என்கிறாள் தாய். பெட்டிக்குள்ளே பட்டுப் புடவைகளுக்கும் அடியில், பழைய வேட்டித் துண்டில் சுற்றி அவள் வைத்திருக்கிறாளே, அந்த முத்திரைத் தாளையும் பத்திரம் என்றுதான் சொல்கிறோம். வடமொழியில் இவை இரண்டு வெவ்வேறு சொற்கள். ஏட்டைக் குறிப்பது ஒன்று, க்ஷேமத்தைக் குறிப்பது மற்றொன்று. தமிழில் வந்து சேர்ந்தபோது இரண்டும் ஒரே உருவம் பெற்றுவிட்டன. அது தற்செயலாக நேர்ந்ததுதான் என்றாலும் நம் வாழ்க்கைக்கு எவ்வளவு பொருத்தமாக அமைந்துவிட்டது, பாருங்கள்! அந்த ஏடு கையில் இருக்கும் வரையில் குடும்பம் க்ஷேமமாக இருக்கும் என்று நம்பித்தானே நாம் இரவில் தூங்குகிறோம்?

அந்த ஏடு பொய்யாய்ப் போய்விட்டால் என்ன ஆகும்? ஓய்வு பெற்ற ஒரு குமாஸ்தாவை நினைத்துக்கொள்ளுங்கள். கையில் வந்த பணத்தோடு மனைவியின் வளையலை விற்ற பணத்தையும் சேர்த்து அரை கிரவுண்டு மனை வாங்குகிறார். அஸ்திவாரம் தோண்டப் போகும் அன்று யாரோ ஒருவர் வந்து நின்று, "இது என் தகப்பனார் வாங்கிப் போட்ட இடம், ஐயா. நீங்கள் யார்?" என்று கேட்கிறார். குமாஸ்தா போலீஸ் நிலையத்துக்கு ஓடுகிறார். புகார் பதிவாகிறது. விற்றவனைக் கையில் விலங்கோடு பார்க்கப் போகிறோம் என்று அவர் காத்திருக்கையில், இரண்டு வாரம் கழித்துச் செய்தி வருகிறது: 'எதிரிக்கு ஹைகோர்ட்டில் முன்ஜாமீன்.'

"மோசம் செய்தவனுக்கு, பிடிபடுவதற்கு முன்பே விடுதலையா?" என்று அவர் கேட்கிறார். நியாயமான கேள்வி. அதற்கு விடை சட்டப் புத்தகத்தில் ஒரு பிரிவாக இருக்கிறது. ஆனால் அந்தப் பிரிவு எதற்காக உண்டாயிற்று என்பதைப் புரிந்துகொள்ள, நாம் கல்கத்தா நகரத்துக்கு, அதுவும் 1775-ஆம் ஆண்டுக்குப் போய் வரவேண்டும்.

*

வங்காளத்தில் கம்பெனியின் ஆட்சி வேர் விட்டுக்கொண்டிருந்த காலம் அது. வாரன் ஹேஸ்டிங்ஸ் கவர்னர் ஜெனரல். அவருடைய ஆலோசனைச் சபையிலேயே அவருக்கு விரோதிகள் மூன்று பேர் இருந்தார்கள். அந்த ஆண்டு மார்ச் மாதத்தில் மகாராஜா நந்தகுமார் என்ற முதிய பிராமணர் அந்தச் சபைக்கு ஒரு கடிதம் கொடுத்தார். நவாபின் குடும்பத்தில் செய்யப்பட்ட நியமனங்களுக்காக ஹேஸ்டிங்ஸ் லஞ்சம் வாங்கினார் என்பது அதன் சாரம். நந்தகுமார் சாமானிய மனிதர் அல்ல. நவாபு காலத்திலேயே பெரிய பதவிகளை வகித்தவர். சூழ்ச்சிகளிலும் குறைந்தவர் அல்ல என்று அவரை விரும்பாதவர்கள் சொன்னார்கள்.

மே மாதம் 6-ஆம் தேதி நந்தகுமார் சிறைக்கு அனுப்பப்பட்டார். லஞ்சக் கடிதத்துக்காக அல்ல, ஒரு பத்திரத்துக்காக. புலாகி தாஸ் என்ற லேவாதேவிக்காரர் 1765-இல் எழுதிக் கொடுத்ததாகச் சொல்லப்பட்ட கடன் பத்திரம் அது. நந்தகுமார் ஒப்படைத்திருந்த நகைகள் கலகத்தில் கொள்ளை போயின, அதற்கு ஈடாக 48,021 சிக்கா ரூபாய் தருகிறேன் என்று அதில் கண்டிருந்தது. புலாகி தாஸ் 1769-இல் இறந்து போனார். பத்திரத்தில் இருந்த முத்திரைகள் போலி என்பது அவருடைய சொத்து விவகாரங்களைக் கவனித்து வந்தவரின் புகார். இந்தத் தகராறு புதிதாக முளைத்ததல்ல. அதற்குப் பல காலம் முன்பே சிவில் கோர்ட்டில் கிடந்து இழுபட்டுக் கொண்டிருந்ததுதான். கவர்னர் ஜெனரல்மீது குற்றச்சாட்டு எழுந்த பிறகுதான் அது கிரிமினல் வழக்காக மாறிற்று.

விசாரணைக்கு ஒரு மாதம் இருந்தது. அந்த ஒரு மாதமும் அவர் சிறையில் இருக்கவேண்டியிருந்தது. ஜாமீன் கிடையாது. பொதுச் சிறையின் கூரைக்கு அடியில் சாப்பிட்டால் ஜாதி ஆசாரம் கெட்டுவிடும் என்று, அந்த எழுபது வயதுக் கிழவர் அன்னமும் தண்ணீரும் இல்லாமல் சில நாள் கிடந்தார். பண்டிதர்களைக் கூப்பிட்டுக் கேட்டார்கள். பிராயச்சித்தம் செய்துகொண்டால் போதும் என்று அவர்கள் சொன்னார்கள். கிழவர் அதற்கு உடன்படவில்லை. கடைசியில் அவருக்கென்று தனியாக ஒரு கூடாரம் அடித்துக் கொடுத்த பிறகுதான் ஆகாரம் உள்ளே இறங்கிற்று.

ஜூன் 8-ஆம் தேதி தொடங்கிய விசாரணை 16-ஆம் தேதி விடியற்காலையில் முடிந்தது. பிரதம நீதிபதி ஸர் எலைஜா இம்பே. தண்டனை என்ன தெரியுமா? மரணம். போலிப் பத்திரம் தயாரிப்பதற்கு இங்கிலாந்தில் அப்போது தூக்குத் தண்டனை இருந்தது. லண்டனில் வியாபாரிகளின் காகிதத்துக்காகச் செய்யப்பட்ட சட்டத்தை, அது இன்னதென்றே அறியாத வங்காளத்தில், அந்தக் கோர்ட்டு பிறப்பதற்கு முன் நடந்ததாகச் சொல்லப்பட்ட காரியத்துக்குப் பிரயோகித்தார்கள். ஆகஸ்டு 5-ஆம் தேதி நந்தகுமார் தூக்கில் இடப்பட்டார்.

முத்திரைகள் மெய்யா, போலியா என்று சரித்திராசிரியர்கள் இன்னும் வாதிக்கிறார்கள். இம்பேயின்மீது பார்லிமெண்டில் குற்றச்சாட்டு வந்து, 1788-இல் தள்ளுபடியாயிற்று. மெக்காலே 1841-இல் இம்பேயைக் கடுமையாகச் சாடி எழுதினார். ஸ்டீபன் 1885-இல் இம்பேக்காகப் பரிந்து எழுதினார். நாம் அந்த வாதத்துக்குள் போகவேண்டாம். நம் குமாஸ்தாவின் கேள்விக்கு வேண்டியது ஒன்றே ஒன்று. நந்தகுமார் குற்றவாளி என்று ஜூன் 16-ஆம் தேதி முடிவாயிற்று என்று ஏடு சொல்கிறது. ஆனால் அவருடைய ஆசாரமும் மானமும் மே 6-ஆம் தேதியே போய்விட்டன. கவர்னர் ஜெனரல்மீது இனி யார் வாய் திறப்பார்கள் என்ற கேள்விக்கும் அன்றைக்கே விடை கிடைத்துவிட்டது. அதற்குத் தீர்ப்பு வேண்டியிருக்கவில்லை. கைது ஒன்றே போதுமானதாயிருந்தது.

*

மெக்காலேயைச் சொன்னேன். இந்தியன் பீனல் கோடுக்கு 1837-இல் நகல் தயாரித்த கமிஷனுக்குத் தலைவர் அவர்தான். அது 1860-இல் சட்டமாயிற்று. போலிப் பத்திரத்துக்கு அதில் தூக்குத் தண்டனை இல்லை. ஆனால் சொத்துப் பத்திரம், உயில் போன்றவற்றைப் பொய்யாகச் சிருஷ்டித்தால் 467-ஆம் பிரிவின்படி ஆயுள் தண்டனை வரையில் விதிக்கலாம். ஏமாற்றிச் சொத்தை வாங்கினால் 420-ஆம் பிரிவு. ஏழு ஆண்டு வரையில் சிறை. இந்த 420 என்ற எண் நம் ஊரில் வசைச் சொல்லாகவே ஆகிவிட்டது. 2024 ஜூலை முதல் தேதியன்று பழைய சட்டம் போய்ப் புதிய சட்டம் வந்து, இவை 318, 338 என்ற எண்களாக மாறிவிட்டன. எண் மாறினாலும் வசை மாறுவதற்கு இன்னும் ஒரு தலைமுறையாவது ஆகும்!

தூக்கு மேடை போயிற்றே தவிர, கைதுக்கும் தீர்ப்புக்கும் நடுவே கிடக்கும் அந்த இருட்டான இடைவெளி போகவில்லை. 1898-ஆம் ஆண்டுக் கிரிமினல் நடைமுறைச் சட்டத்தில், பிடிபட்டவனுக்குத்தான் ஜாமீன். 'பிடிக்கப் போகிறார்கள், ஐயா' என்று முன்கூட்டியே வந்து முறையிடுகிறவனுக்கு அதில் இடம் இல்லை. நாடு பிரிந்த காலத்தை ஒட்டி, முன்கூட்டியே ஜாமீன் கொடுக்கலாம் என்று லாகூர் ஹைகோர்ட்டு சொல்லிற்று. கூடாது என்று கிழக்குப் பஞ்சாப் ஹைகோர்ட்டு சொல்லிற்று. கூடாது என்ற பக்கமே பல ஹைகோர்ட்டுகளும் சாய்ந்தன.

இந்தத் தகராறைத் தீர்க்க வழி சொன்னது 1969 செப்டம்பரில் வெளிவந்த சட்டக் கமிஷனின் 41-ஆவது அறிக்கை. கமிஷனின் தலைவர் கே. வி. கே. சுந்தரம். இவர் நாட்டின் இரண்டாவது தலைமைத் தேர்தல் கமிஷனராக இருந்தவர். அரசியல் போட்டி எவ்வளவு தூரம் போகும் என்பதைப் பக்கத்திலிருந்து பார்த்தவர் என்று சொல்லவேண்டும். செல்வாக்குள்ளவர்கள் தங்கள் எதிரிகளைப் பொய் வழக்கில் மாட்டிவிட்டு, மானம் போகட்டும், நாலு நாள் சிறையில் கிடக்கட்டும் என்று செய்கிறார்கள் என்று கமிஷன் கண்டது. ஓடிப் போகமாட்டான் என்று தெரிகிற ஒருவனை முதலில் சிறைக்குள் போகச் சொல்லி, பிறகு ஜாமீன் மனுப் போடச் சொல்வதில் என்ன நியாயம் என்றும் கேட்டது. நந்தகுமாரின் பெயர் அங்கே வரவேண்டிய அவசியம் இல்லை. இருநூறு வருஷத்து அநுபவம் அந்த வாக்கியங்களில் இருந்தது.

புதிய நடைமுறைச் சட்டம் 1974 ஏப்ரல் முதல் தேதி அமலுக்கு வந்தது. அதன் 438-ஆம் பிரிவுதான் முன்ஜாமீன். ஒரு வேடிக்கை: முன்ஜாமீன் என்ற சொல் அந்தப் பிரிவுக்குள் எங்குமே இல்லை. கைது செய்யப்படுவோம் என்று நம்பக் காரணம் உள்ளவன் செஷன்ஸ் கோர்ட்டிலோ ஹைகோர்ட்டிலோ மனுச் செய்யலாம், 'கைது செய்தால் ஜாமீனில் விடுங்கள்' என்று கோர்ட்டு கட்டளை இடலாம் என்று மட்டும் இருக்கிறது. கூப்பிடும்போது விசாரணைக்கு வரவேண்டும், சாட்சிகளை மிரட்டவோ மயக்கவோ கூடாது, அனுமதி இல்லாமல் நாட்டை விட்டுப் போகக் கூடாது என்று நிபந்தனைகளும் போடலாம்.

சட்டம் பிறந்து இரண்டே வருஷத்தில், நெருக்கடி நிலைக் காலத்தில், உத்தரப் பிரதேசம் இந்தப் பிரிவைத் தன் எல்லைக்குள் நீக்கிவிட்டது. 1976-இல் போன பிரிவு 2019-இல்தான் அங்கே திரும்பி வந்தது. நாற்பத்து மூன்று வருஷ காலம், நாட்டிலேயே அதிக ஜனத்தொகை கொண்ட மாகாணத்தில் இந்தக் கதவு அடைத்தே கிடந்தது. போலீஸின் வேலை சுலபமாக இருக்கவேண்டும் என்று நினைக்கிற சர்க்காருக்கு முதலில் உறுத்துவது எது என்பதை இதிலிருந்து தெரிந்துகொள்ளலாம்.

*

1980 ஏப்ரல் 9-ஆம் தேதி சுப்ரீம் கோர்ட்டின் ஐந்து நீதிபதிகள், பிரதம நீதிபதி சந்திரசூட் தலைமையில், இந்தப் பிரிவின் முழுப் பொருளையும் விளக்கினார்கள். மனுதாரர் குர்பக்ஷ் சிங் சிபியா, பஞ்சாபில் மந்திரியாக இருந்தவர். அவர்மீது ஊழல் குற்றச்சாட்டு. பெரிய இடத்துப் பண மோசடிக் குற்றங்களில் முன்ஜாமீன் தரக்கூடாது என்று ஹைகோர்ட்டு வேலி போட்டிருந்தது. சட்டம் போடாத வேலியை நாம் போடுவதற்கில்லை என்று சுப்ரீம் கோர்ட்டு அதை நீக்கிற்று. அதற்காகக் கதவை விரியத் திறந்துவிடவும் இல்லை. வெறும் பயம் போதாது, நம்பத் தகுந்த காரணம் வேண்டும். எந்தக் குற்றத்துக்கும் செல்லும்படியான பொது உத்தரவு கிடையாது. மெய்யாக நடந்த குற்றத்தைத் துப்புத் துலக்குவதற்காகக் கைது தேவைப்படுகிறதா, அல்லது ஆளை அவமானப்படுத்துவதற்காகவா என்பதைக் கோர்ட்டு பார்க்கவேண்டும். முன்ஜாமீனில் இருப்பவன் சொல்லி ஒரு பொருள் கண்டெடுக்கப்பட்டால், காவலில் இருந்து சொன்னதைப்போலவே அதையும் சாட்சியமாகக் கொள்ளலாம்.

முன்ஜாமீனுக்குக் காலக்கெடு உண்டு என்று பிற்காலத்தில் சில தீர்ப்புகள் வந்தன. அவற்றை 2020 ஜனவரியில் மற்றோர் ஐந்து நீதிபதிகள் திருத்தினார்கள். கோர்ட்டு காரணத்தோடு கெடு வைத்தால் ஒழிய, வழக்கு முடியும் வரையில் முன்ஜாமீன் நிற்கலாம் என்பது இன்றைய நிலை. பிரிவின் எண் மட்டும் 482 ஆகிவிட்டது.

இனி நம் குமாஸ்தாவின் வழக்குக்கு வருவோம்.

சொத்து மோசடி எல்லாம் ஒரே ரகம் அல்ல. தன்னுடையது அல்லாத மனையைத் தன்னுடையது என்று சொல்லி, தன் சொந்தப் பெயரிலேயே கையெழுத்துப் போட்டு விற்கிறவன் ஒருவன். செத்துப்போன சொந்தக்காரராக வேஷம் கட்டி, அவர் பெயரில் கைநாட்டு வைத்து விற்கிறவன் இன்னொருவன். நமக்கு இருவரும் அயோக்கியர்கள்தான். ஆனால், சட்டத்தின் கண்ணுக்கு அவர்கள் வேறு வேறு. பீகாரிலிருந்து வந்த ஒரு வழக்கில் 2009-இல் சுப்ரீம் கோர்ட்டு இதைப் பிரித்துக் காட்டியது. முதலாமவன் பத்திரத்தில் எழுதியது பொய். ஆனால் பத்திரம் அவன் எழுதியதுதான். ஆகையால் அது போலிப் பத்திரம் ஆகாது. பணம் கொடுத்து ஏமாந்தவர் மோசடி என்று புகார் சொல்லலாம், அவ்வளவுதான். இரண்டாமவன் செய்ததே ஆள்மாறாட்டம். போலிப் பத்திரம் என்பது அதுதான்.

இந்த நுட்பத்தில்தான் பலருடைய விடுதலை தொங்குகிறது. ஏழு ஆண்டு வரையில் தண்டனைக்குரிய குற்றங்களில் எடுத்த எடுப்பில் கைது செய்யக்கூடாது, என்ன அவசியம் என்று போலீஸார் எழுத்தில் காட்டவேண்டும் என்று 2014-இல் சுப்ரீம் கோர்ட்டு கண்டிப்பாகச் சொல்லிவிட்டது. மோசடி மட்டும் என்றால் அந்தப் பாதுகாப்பு உண்டு. போலிப் பத்திரம் என்று ஒரு வரி சேர்ந்தால் ஆயுள் தண்டனைக் குற்றமாகிவிடும்; அந்தப் பாதுகாப்பு எட்டாது. ஆகவே புகார் எழுதிக் கொடுக்கிறவர் அந்த ஒரு வரியைச் சேர்க்கப் பார்க்கிறார். எதிரியின் வக்கீல் முன்ஜாமீன் மனுவில் அந்த ஒரு வரியைத்தான் உடைக்கப் பார்க்கிறார். பாகப்பிரிவினையில் மனக்கசப்புக் கொண்ட அண்ணன் தம்பிகளின் வழக்கில் கூட இந்த வரி வந்து நிற்கும்.

அங்கே நீதிபதி கேட்கவேண்டிய கேள்வி ஒன்றுதான் என்று எனக்குத் தோன்றுகிறது: உண்மை எங்கே இருக்கிறது, காகிதத்திலா, மனிதனிடத்திலா? பத்திரத்தின் நகல் சப்-ரிஜிஸ்திரார் ஆபீஸில் இருக்கிறது. வில்லங்கம் பார்த்தால் யார் யாருக்கு எப்போது விற்றார்கள் என்று தெரிந்துவிடும். பாங்கிக் கணக்கில் பணம் போன வழி தெரியும். இவ்வளவும் எழுத்தில் இருக்கும்போது ஆளைச் சிறையில் வைத்து என்ன தெரிந்துகொள்ளப் போகிறார்கள்? காகிதத்தைக் கைப்பற்றி வைத்துக்கொண்டு ஆளை வீட்டுக்கு அனுப்பலாம். ஆனால் வேஷம் கட்டி வந்த ஆள் யார், கள்ள முத்திரை எங்கே செய்தார்கள், மூலப்பத்திரம் யார் பெட்டியில் இருக்கிறது, இதைப்போல் இன்னும் எத்தனை மனைகள் விற்பனைக்குக் காத்திருக்கின்றன என்பதெல்லாம் எந்த ஆபீஸ் ரிஜிஸ்தரிலும் இல்லை. அது மனிதனின் நெஞ்சுக்குள் இருக்கிறது. அப்படிப்பட்ட வழக்கில் முன்ஜாமீனை மறுப்பதும் நியாயமே.

*

குமாஸ்தா இதையெல்லாம் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "சரி, ஐயா, என் பணம்?" என்று கேட்பார்.

அந்தக் கேள்வியில்தான் இந்த விஷயத்தின் வேதனை முழுவதும் இருக்கிறது. விற்றவனைச் சிறையில் பார்க்க வேண்டும் என்ற ஆசை அவருக்குக் கிடையாது. நாலு நாள் உள்ளே இருந்தால் பயந்து பணத்தைத் திருப்பிக் கொடுத்துவிடுவான் என்பதுதான் அவர் கணக்கு. சிவில் கோர்ட்டில் கிரயத்தை ரத்துச் செய்து பணம் திரும்பி வரும் நாளில் தாம் இருப்போமா என்பது அவருக்குச் சந்தேகம். ஆகவே கைது என்பது அவர் கையில் கிடைத்த ஒரே வேகமான கருவி. அந்தக் கருவியைக் கோர்ட்டு பிடுங்கிக்கொள்ளும்போது அவர் இரண்டாம் முறை ஏமாற்றப்பட்டதாக நினைக்கிறார்.

கோர்ட்டுகளும் சில சமயம் இந்த இரக்கத்துக்கு ஆட்பட்டு, இவ்வளவு பணத்தைக் கட்டினால் முன்ஜாமீன் என்று உத்தரவு போட்டதுண்டு. டெல்லியில் ஒரு வீட்டு மனை வழக்கில் 22 லட்சம் ரூபாய் கட்டவேண்டும் என்று போட்ட நிபந்தனையை 2023 ஜூலையில் சுப்ரீம் கோர்ட்டு நீக்கிற்று. ஜாமீன் மனு கடன் வசூல் செய்யும் இடம் அல்ல என்பது அதன் கருத்து. இது கல் நெஞ்சத் தீர்ப்பு என்று தோன்றலாம். ஆனால் யோசித்துப் பாருங்கள். பணம் கட்டினால் வெளியே, கட்டாவிட்டால் உள்ளே என்று ஆகிவிட்டால், பொய் வழக்குக்கு அதைவிட லாபகரமான தொழில் வேறு உண்டா? உண்மையாகவே ஏமாந்த குமாஸ்தா ஒருவர் அந்த வழியில் போனால், அவர் பின்னாலேயே பத்துப் பேர் போலிப் புகாரோடு வந்து நிற்பார்கள். அவர்களில் ஒருவன் நாளைக்கு இதே குமாஸ்தாவின் மேலேயே புகார் கொடுக்கலாம். அன்றைக்கு அவருக்கும் அந்தக் கதவு வேண்டியிருக்கும்.

முன்ஜாமீன் உத்தரவில் மனை யாருக்குச் சொந்தம் என்று ஒரு சொல் கூட இருப்பதில்லை. எதிரி குற்றமற்றவன் என்றும் இருப்பதில்லை. ஆகவே அந்தக் காகிதத்தைக் கண்டு குமாஸ்தா மனம் உடைந்து போகவேண்டியதில்லை. அவர் செய்யவேண்டிய காரியம் வேறு இருக்கிறது. 1908-ஆம் ஆண்டுப் பதிவுச் சட்டம் எழுதிக் கொடுப்பவர் யார் என்று பார்க்கச் சொல்கிறதே தவிர, எழுதிக் கொடுப்பதற்கு அவருக்குப் பாத்தியதை உண்டா என்று தீர்ப்புச் சொல்லும்படி ரிஜிஸ்திராருக்குக் கட்டளை இடவில்லை. பதிவு ஆகிவிட்டது என்பதனாலேயே சொத்து நம்முடையது ஆகிவிடாது. மூலப்பத்திரத்தையும் முப்பது வருஷத்து வில்லங்கத்தையும் வாங்குவதற்கு முன்னால் பார்க்கவேண்டும் என்று பெரியவர்கள் சொல்வது இதற்காகத்தான். அந்தக் கட்டம் தாண்டிவிட்டதென்றால், போலீஸ் நிலையத்து வாசலிலேயே உட்கார்ந்திராமல் சிவில் கோர்ட்டில் தாவாவையும் உடனே போட்டுவிட வேண்டும். தாவா நடக்கும்போது எதிரி அந்த மனையை நான்காவது ஆளுக்கு விற்றாலும், கோர்ட்டின் தீர்ப்பு அந்த நான்காவது ஆளையும் கட்டுப்படுத்தும். 1882-ஆம் ஆண்டுச் சொத்து மாற்றுச் சட்டத்தின் 52-ஆம் பிரிவு அப்படிச் சொல்கிறது.

எதிரி வெளியே நடமாடட்டும். கூப்பிட்ட நாளில் அவன் கோர்ட்டுக்கு வந்து நிற்கவேண்டும். சாட்சிக் கூண்டில் நம்முடைய குமாஸ்தாவும் பயப்படாமல் ஏறி நிற்கவேண்டும். இருவருக்கும் நடுவில் மேஜைமேல் அந்தப் பத்திரம் இருக்கவேண்டும். அதைப் படித்துப் பார்த்த பிறகே தண்டனை என்ற பேச்சு எழவேண்டும். 1775-இல் கல்கத்தாவில் அந்த வரிசை தலைகீழாக நடந்தது.